சம்பளப் பில் யார் போட்டது?

பிரமிடுக்குள் போய்விட்டு முதுகைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தவனிடம் அம்மா கேட்ட முதல் கேள்வி, "உள்ள என்னடா இருக்கு?" என்பதுதான்.

"ஒண்ணுமில்லம்மா. ஒரு காலி ரூம். அதுல மூடியில்லாத ஒரு கல்தொட்டி."

"அதுக்கா தனி டிக்கெட்டு?"

2023 பிப்ரவரி. எகிப்தின் கிசா மேட்டில் வெயில் இருந்தும் காற்று சில்லென்று அடித்தது. அம்மாவுக்கு மூட்டுவலி, அதனால் உள்ளே வரவில்லை. பெரிய பிரமிடின் அடிவரிசையில் கிட்டத்தட்ட அவள் உயரத்துக்கு நின்ற ஒரு கல்லை ஒட்டி, ஊரிலிருந்து கொண்டுவந்த கைமுறுக்கு டப்பாவை மடியில் வைத்துக்கொண்டு, ஒட்டகக்காரர்கள் பேரம் பேசுவதை வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தாள். நான் உள்ளே இருந்த அரை மணி நேரத்தில் அவளிடம் நான்கு பேர் வந்து "இந்தியா? நமஸ்தே! அமிதாப் பச்சன்!" என்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறார்கள். "ரஜினின்னு ஒருத்தர் இருக்கார்னு இவங்களுக்கு யாராச்சும் சொல்லக்கூடாதா" என்பது அவளுடைய குறை.

உள்ளே போன கதையைச் சொல்லிவிடுகிறேன். நாம் இன்று நுழைகிற வழி, பிரமிடைக் கட்டிய அரசன் குஃபுவின் ஆட்கள் வைத்த வாசல் இல்லை. அது மேலே, கூரைபோல் சாய்த்து வைத்த பெரிய கற்களுக்குக் கீழே இருக்கிறது. நாம் போவது ஒன்பதாம் நூற்றாண்டில் கலீஃபா அல்-மாமூனின் ஆட்கள் புதையல் தேடிக் குடைந்ததாகச் சொல்லப்படும் சுரங்கம் வழியாக. அதாவது டிக்கெட் வாங்கிக்கொண்டு வரிசையில் நின்று நாம் போவது திருடர் பாதையில். அப்புறம் ஒரு மீட்டர் சொச்சமே உயரமுள்ள ஏறு பாதை, குனிந்த தலை நிமிராமல் சுமார் 40 மீட்டர். முன்னால் போகிறவரின் செருப்பைத் தவிர வேறெதுவும் கண்ணில் படாது, எதிரே இறங்கி வருகிறவர்களுக்கு ஒதுங்கி வழிவிட வேறு வேண்டும். திடீரென்று தலைக்கு மேல் எட்டரை மீட்டர் உயரத்துக்கு வெளி திறக்கிறது, பெருங்கூடம். அங்கே எல்லோருமே ஒரு நொடி நின்று அண்ணாந்து பார்க்கிறார்கள். அதைத் தாண்டித்தான் அரசனின் அறை.

அந்த அறை பத்தரை மீட்டர் நீளம், ஐந்து மீட்டர் சொச்சம் அகலம். சுவர், தரை, கூரை எல்லாம் கருங்கல். 800 கிலோமீட்டருக்கும் அப்பால், தெற்கே அஸ்வானிலிருந்து நைல் வழியாக வந்தவை. சுவரில் ஓவியம் கிடையாது, ஒரு எழுத்துகூடக் கிடையாது. ஓரத்தில் மூலை உடைந்த கல்தொட்டி. அந்தத் தொட்டி ஏறுபாதையைவிடக் கொஞ்சம் அகலம், ஆகவே பிரமிடு எழும்பிக்கொண்டிருக்கும்போதே அதை உள்ளே வைத்துவிட்டுத்தான் மேலே கட்டியிருக்க வேண்டும். இது எனக்கு ஏற்கெனவே படித்துத் தெரிந்த விஷயம். ஆனால் அந்தத் தொட்டியின் விளிம்பில் கை வைத்துக்கொண்டு, இது இந்த வழியாக உள்ளே வரவே இல்லை, வெளியே போகவும் முடியாது என்று நினைத்தபோது மூச்சு கொஞ்சம் முட்டியது. காற்றும் சரியில்லை, ஒப்புக்கொள்கிறேன், வியர்வை நாற்றம் வேறு.

அறையில் எனக்கு முன்பே ஐரோப்பிய முகங்களாக ஏழெட்டுப் பேர். கண்ணை மூடிக்கொண்டு வட்டமாக நின்று "ஓம்" சொல்லிக்கொண்டிருந்தார்கள். கருங்கல் அறை அல்லவா, அந்த ஓசை சுவரில் பட்டுத் திரும்பி வயிற்றுக்குள் அதிர்ந்தது. எனக்குச் சிரிப்பும் வந்தது, ஒரு மாதிரி மயிர்க்கூச்சமும் வந்தது. எகிப்து அரசனின் கல்லறைக்குள் வெள்ளைக்காரர்கள் ஓம் சொல்ல, திருச்சிக்காரன் ஒருவன் ஓரமாக நின்று வியர்வையைத் துடைத்துக்கொள்கிறான்.

என் தாய்மாமா நினைவுக்கு வந்தார். எண்பதுகளின் கடைசியில் அவர் எங்கேயோ படித்துவிட்டு, அட்டையில் ஒரு பிரமிடு வெட்டி ஒட்டி, அதைத் திசைகாட்டி வைத்து வடக்குப் பார்த்து அலமாரியில் நிறுத்தி, அதன் நடுவே ஒரு தீப்பெட்டி மேல் சவர பிளேடை வைத்திருந்தார். பிரமிடுக்குள் வைத்த பிளேடு மழுங்காதாம். இது மாமாவின் சொந்தச் சரக்கு இல்லை. செக்கோஸ்லோவாகியாவில் கார்ல் டிர்பால் என்பவருக்கு 1959-இல் இதற்குக் காப்புரிமையே கொடுத்திருக்கிறார்கள். மாமா ஒரே பிளேடில் இரண்டு மாதம் ஓட்டிப் பார்த்தார். மூன்றாம் மாதத்திலிருந்து தாடி வளர்க்க ஆரம்பித்துவிட்டார். ஆராய்ச்சி முடிவை அவர் வீட்டில் யாரும் கேட்கவில்லை, அத்தை மட்டும் அலமாரியைத் துடைக்கும்போதெல்லாம் "இந்தக் கோபுரத்தைத் தூக்கிப் போடலாமா?" என்பாள். இன்றைக்கும் வாஸ்து கடைகளில் செம்பில், பிளாஸ்டிக்கில் விதவிதமாகக் குட்டிப் பிரமிடு விற்கிறது, வாங்குகிறவர்களும் இருக்கிறார்கள்.

அந்த அறை காலியாக இருப்பதுதான் எல்லாவற்றுக்கும் காரணம் என்று எனக்குப் படுகிறது. எகிப்தின் இன்னொரு அரசன் துத்தன்காமன் கல்லறையில் தங்க முகமூடி இருந்தது, ரதம் இருந்தது, கட்டில் இருந்தது, பார்த்து வியந்துவிட்டு வரலாம். பெரிய பிரமிடில் பார்க்க எதுவுமில்லை. அதனால் போகிற ஒவ்வொருவனும் கையோடு எதையாவது கொண்டுபோய் உள்ளே வைத்துவிட்டு வருகிறான்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் பியாஸி ஸ்மித் வைத்தது அங்குலத்தை. சாதாரண ஆள் இல்லை, ஸ்காட்லாந்தின் அரச வானியலாளர். 1865-இல் கிசாவில் தங்கி அளவெடுத்து, இந்தப் பிரமிடு தெய்வ சித்தத்தால் ஒரு புனித அங்குலத்தில் கட்டப்பட்டது, ஆண்டின் நாள் கணக்கு இதன் பக்க நீளத்தில் ஒளிந்திருக்கிறது என்று தடித் தடியாக எழுதினார். அதைப் படித்து மயங்கிய ஒரு பையன் வளர்ந்து, 1880 டிசம்பரில், 27 வயதில், குருநாதரின் கணக்கை இன்னும் துல்லியமாக நிரூபிக்கிறேன் என்று கிளம்பி கிசாவுக்கு வந்தான். பெயர் ஃபிளிண்டர்ஸ் பெட்ரி. பாறையில் வெட்டிய ஒரு பழைய கல்லறையைச் சுத்தம் செய்து அதிலேயே குடித்தனம். சுற்றுலாப் பயணிகள் வந்து தொந்தரவு செய்யக்கூடாது என்பதற்காக இளஞ்சிவப்பு உள்ளாடையோடு வெளியே நின்று அளப்பாராம், பைத்தியம்போல என்று அவர்களே விலகிப் போய்விடுவார்கள். மாதக்கணக்கில் சங்கிலியும் கோணமானியும் வைத்து அளந்து முடித்தபோது, ஒவ்வொரு பக்கமும் ஸ்மித்துக்குத் தேவைப்பட்ட நீளத்தைவிட சுமார் 70 அங்குலம் குறைந்தது. புனித அங்குலம் அத்தோடு போயிற்று. நிரூபிக்கப் போனவன் கவிழ்த்துவிட்டு வந்தான், அதையும் மறைக்காமல் அச்சிட்டான். இந்த மனுஷன் மேல் எனக்கு அலாதி மரியாதை.

வட்டக் கணக்கில் வரும் பை (π) விவகாரமும் இப்படித்தான். பெரிய பிரமிடின் சுற்றளவை உயரத்தால் வகுத்தால் இரண்டு பை வருகிறது, அந்தக் காலத்தில் பை எப்படித் தெரியும், வேற்றுக்கிரகவாசிதான் வந்திருக்க வேண்டும் என்று எனக்கு வருஷத்துக்கு மூன்று முறையாவது வாட்ஸ்அப்பில் வந்துவிடும். வருவது உண்மைதான். ஆனால் எகிப்தியக் கொத்தனார் சரிவை எப்படிச் சொல்வான் தெரியுமா? அவனுடைய முழத்துக்கு ஏழு உள்ளங்கை. ஒரு முழம், அதாவது ஏழு உள்ளங்கை, மேலே போனால் எத்தனை உள்ளங்கை உள்ளே தள்ள வேண்டும், இவ்வளவுதான் அவன் கணக்கு. பெரிய பிரமிடுக்கு ஐந்தரை. உயரம் 280 முழம், பக்கம் 440 முழம். நாலு பக்கமும் சேர்த்து 1760. அதை 280-ஆல் வகுத்துப் பாருங்கள், 44-இன் கீழ் 7. ஏழாம் வகுப்பில் நாம் பை-க்குப் போட்ட அதே 22-இன் கீழ் 7, இரண்டு மடங்கு. முழத்தை ஏழாகப் பிரித்ததும் சரிவுக்கு ஐந்தரையைத் தேர்ந்ததும் சேர்ந்து பை மாதிரி ஒன்றைக் கொண்டுவந்துவிட்டது. இதை நான் குடும்பக் குழுவில் கணக்கோடு போட்டேன். ஒரு பெரியப்பா கைகூப்பும் பொம்மை அனுப்பினார். மறுவாரம் அதே வேற்றுக்கிரகவாசி வேறு எண்ணிலிருந்து வந்தான்.

புதையலைத் தேடாமல் பிரமிடையே அழிக்கப் போனவரும் உண்டு. சலாவுதீனின் மகன் அல்-அஸீஸ் உஸ்மான். 1196-இல் மூன்றில் சிறியதான மென்கவுரே பிரமிடிலிருந்து ஆரம்பியுங்கள் என்று ஆட்களை இறக்கினார். எட்டு மாதம். அப்போது எகிப்தில் இருந்த பாக்தாத் மருத்துவர் அப்துல் லதீஃப் இதை எழுதிவைத்திருக்கிறார். ஒரு நாள் முழுக்கப் பாடுபட்டால் ஒரு கல் அல்லது இரண்டு கல்தான் வருமாம், அதுவும் கீழே விழும்போது மணலில் புதைந்துபோகும், அதை மறுபடி தோண்டி எடுக்க வேண்டும். அங்கிருந்த மேஸ்திரி ஒருவரிடம் அவர் கேட்டாராம், ஆயிரம் தினார் கொடுத்தால் இறக்கிய ஒரு கல்லைத் திரும்ப இருந்த இடத்தில் வைப்பாயா என்று. எத்தனை மடங்கு கொடுத்தாலும் முடியாது என்றார் மேஸ்திரி. எட்டு மாத உழைப்பின் பலன் வடக்கு முகத்தில் ஒரு வெட்டுக்காயம். இன்றும் தெரிகிறது. மூன்று பிரமிடையும் ஒரே படத்தில் பிடிக்க எல்லோரும் நிற்கிற மேட்டுக்குப் போனால் அது கண்ணில் படாது, வடக்கே சுற்றி வரவேண்டும்.

படம் எடுக்கிறவர்களுக்கு ஒரு வார்த்தை. நடுவில் இருக்கும் காஃப்ரேயின் பிரமிடுதான் பெரியது போலத் தெரியும், அது மேடான இடத்தில் நிற்பதாலும் உச்சியில் பழைய மேல்பூச்சுக் கல் கொஞ்சம் மிஞ்சியிருப்பதாலும். குஃபுவுடையது அந்தப் பக்கம். 146 மீட்டர் சொச்சம் இருந்தது, இப்போது 138. வழவழப்பான வெள்ளை மேல்கல்லை கெய்ரோக்காரர்கள் மசூதிக்கும் கோட்டைக்கும் பெயர்த்துக்கொண்டு போய்விட்டார்கள். நாம் ஏறி நின்று படம் எடுக்கிற படிக்கட்டுபோன்ற கற்கள் யார் கண்ணிலும் படக்கூடாதென்று உள்ளே இருந்தவை.

சரி, அம்மாவுக்கு வருகிறேன். அம்மா 31 வருஷம் சார்நிலைக் கருவூலத்தில் வேலை பார்த்தவள், கணக்கராக ஓய்வு பெற்றவள். சம்பளப் பில், பயணப்படிப் பில், ஓய்வூதியம். ஒரு பைசா இடித்தாலும் ஆட்சேபணைக் குறிப்பெழுதித் திருப்பி அனுப்பியவள், இதனால் ஊரில் பாதி வாத்தியார்களுக்கு அவள்மேல் கோபம். முறுக்கை உடைத்தபடி அண்ணாந்து உச்சியைப் பார்த்தாள்.

"எத்தனை கல்லுடா?"

"இருபத்து மூணு லட்சம்னு சொல்றாங்க."

"எத்தனை வருஷம்?"

"இருபது, இருபத்தஞ்சு."

மனக்கணக்குப் போட்டாள். நான் பின்னால் கைப்பேசியில் போட்டுப் பார்த்தேன், ஒரு நாளைக்கு 315 கல், பத்து மணி நேர வேலை என்றால் இரண்டு நிமிஷத்துக்கு ஒன்று. அம்மா அந்த எண்ணுக்கு ஆச்சரியப்படவில்லை. "அப்ப இத்தனை பேருக்கும் சம்பளப் பில் யாருடா போட்டது?" என்றாள்.

எத்தனையோ பேர் இந்த மேட்டில் நின்று என்னென்னவோ கேட்டிருப்பார்கள். இந்தக் கேள்விக்குத்தான் நேரடியாகப் பதில் இருக்கிறது என்பதுதான் வேடிக்கை.

கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் இதைக் கேட்டவர்தான். கி.மு. ஐந்தாம் நூற்றாண்டில் அவர் வந்தபோதே பிரமிடுக்கு 2000 வயது. ஒரு லட்சம் பேர், மூன்று மாதத்துக்கு ஒரு முறை மாறி மாறி, இருபது வருஷம் என்று எழுதினார். பிரமிடின் மேல் ஒரு கல்வெட்டு இருந்ததாம், அதை வழிகாட்டி படித்துக் காட்டினானாம், வேலைக்காரர்கள் தின்ற முள்ளங்கிக்கும் வெங்காயத்துக்கும் பூண்டுக்கும் மட்டும் 1600 வெள்ளித் தாலந்து செலவு என்று. அந்த வழிகாட்டிக்குப் படிக்கத் தெரிந்திருக்கும் என்று எனக்கு நம்பிக்கையில்லை. எங்களை மொய்த்தவர்களில் ஒருவர், ஒட்டகத்தில் ஏறுவதற்கு ஒரு தொகை என்று ஒப்புக்கொண்டு ஏற்றிவிட்டு, இறங்குவதற்கு இன்னொரு தொகை கேட்டார். ஹெரோடோட்டஸை நான் முழுக்கப் புரிந்துகொண்டது அந்த ஒட்டகத்தின் முதுகில்தான்.

பதில் கிடைத்தது 2013-இல், பிரமிடிலிருந்து வெகுதூரத்தில், செங்கடல் கரையில் வாடி அல்-ஜர்ஃப் என்ற இடத்தில். மலையடிவாரத்தில் குடைந்த கிடங்குகள், அவற்றின் வாயை அடைத்த பெரும் பாறைகள். பியர் தாலே என்ற பிரெஞ்சுத் தொல்லியலாளரின் குழு அங்கே கண்டெடுத்தது கிழிந்த பாப்பிரஸ் (நாணல் தாள்) சுருள்கள், எழுத்துள்ள பாப்பிரஸ்களில் இதுவரை கிடைத்தவற்றிலேயே மிகப் பழையவை. குஃபு ஆட்சியின் 26, 27-ஆம் ஆண்டு. அவர்கள் ஆண்டைக் குறித்ததே கால்நடைக் கணக்கெடுப்பை வைத்துத்தான், பதின்மூன்றாவது கணக்கெடுப்புக்கு அடுத்த வருஷம் என்கிற மாதிரி. அந்தச் சுருள்களில் ஒன்று மெரேர் என்கிற மேற்பார்வையாளரின் வேலைக் குறிப்பேடு. அவருக்குக் கீழே 40 பேர் கொண்ட படகுக் குழு. வேலை என்ன? நைலுக்கு அந்தப் பக்கம் துரா மலையில் வெட்டின வெள்ளைச் சுண்ணாம்புக்கல்லைப் படகில் ஏற்றிக் கிசாவுக்குக் கொண்டுவந்து சேர்ப்பது. பிரமிடின் அந்த வழவழப்பான மேல்கல்லுக்கு.

அதில் அமானுஷ்யம் எதுவுமில்லை. இன்று மெரேர் தன் குழுவோடு துராவில் கல் ஏற்றினார், இரவு துராவில் தங்கினார். இன்று கல்லோடு படகு கிளம்பியது, இரவு குஃபுவின் ஏரியில் தங்கினார். இன்று குஃபுவின் தொடுவானத்துக்கு வந்து சேர்ந்தார். பிரமிடுக்கு அவர்கள் வைத்த பெயர் அதுதான், குஃபுவின் தொடுவானம். மறுநாள் வெறும் படகோடு துராவுக்குத் திரும்பல். பத்து நாளைக்கு இரண்டு நடை, மூன்று நடை. நாளுக்கு இரண்டு பத்தி, கட்டம் போட்டு. வேறு சுருள்களில் வரவு: ரொட்டி எவ்வளவு வந்தது, தானியம் எவ்வளவு வந்தது. குஃபுவின் மாற்றாந்தாய் வழிச் சகோதரர் அங்க்-ஹாஃப் இந்த வேலைக்கெல்லாம் மேலதிகாரி, அவர் பெயரும் வருகிறது.

அம்மாவிடம் அன்று இரவு விடுதியில் இதைச் சொன்னேன். "நாணயம் கிடையாதும்மா அப்ப. சம்பளம் ரொட்டி, பீர், துணி." ஒரு நிமிஷம் யோசித்துவிட்டு, "கட்டம் போட்டு எழுதினானா?" என்றாள். கைப்பேசியில் படத்தைப் பெரிதாக்கிக் காட்டினேன். சிவப்பு மையிலும் கறுப்பு மையிலும் வரிசை வரிசையாக. கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு ரொம்ப நேரம் பார்த்தாள். "சிவப்பு மை மேலதிகாரிக்குத்தான்" என்றாள். அவளுடைய அலுவலக வழக்கம் அப்படி.

சவுக்கடி பட்டுச் செத்த அடிமைகள் கட்டியது என்கிற படம் நம் மனதில் எப்படியோ ஏறிவிட்டது. பிரமிடுக்குத் தெற்கே தொல்லியலாளர் மார்க் லேனரின் குழு தோண்டிய ஊரில் ரொட்டி சுடும் அடுக்களைகள், பருமனான மண் அச்சுகள், மாட்டெலும்பும் ஆட்டெலும்பும் குவியல் குவியலாக. 1990-இல் ஒரு குதிரையின் கால் மணலில் இடறியதில் தெரியவந்தது வேலைக்காரர்களின் இடுகாடு. அரசனின் பிரமிடு நிழலிலேயே அவர்களுக்கும் மண்செங்கல் கல்லறை. எலும்புகளில் முதுகு தேய்ந்திருக்கிறது, மூட்டு தேய்ந்திருக்கிறது, இதில் எந்த மென்மையும் கிடையாது. ஆனால் உடைந்த கை நேராக வைத்துக் கட்டப்பட்டுக் கூடியிருக்கிறது. வெட்டி எடுத்த கால் ஆறியிருக்கிறது, அப்புறமும் அந்த ஆள் வாழ்ந்திருக்கிறான். விருப்பப்பட்டு வந்தார்களா என்று கேட்டால், அரசன் ஆள் அனுப்பிக் கூப்பிட்டால் வராமல் இருக்க முடியாது. கட்டாய உழைப்புத்தான். சந்தையில் விலைக்கு வாங்கின அடிமையும் இல்லை, பக்தியில் ஓடிவந்த தொண்டனும் இல்லை, இரண்டுக்கும் நடுவே எங்கேயோ.

குழுக்களுக்குப் பெயர் உண்டு. கற்களில் சிவப்புச் சாயத்தில் எழுதியிருக்கிறார்கள், வெளியே தெரியாத முகங்களில். 'குஃபுவின் நண்பர்கள்' என்று ஒரு குழு. 'மென்கவுரேயின் குடிகாரர்கள்' என்று ஒன்று. நம்மூர் நற்பணி மன்றப் பெயரேதான். அரசனின் அறைக்கு மேலே, பாரம் தாங்குவதற்காக அடுக்கடுக்காக விட்ட இடைவெளிகளிலும் இப்படி எழுத்துகள் இருக்கின்றன. 1837-இல் ஹோவார்ட் வைஸ் என்ற ஆங்கிலேயர் வெடிமருந்து வைத்துப் பிளந்துகொண்டு மேலே போனபோதுதான் (இன்று செய்தால் கம்பி எண்ண வேண்டும்) அவை வெளிச்சத்துக்கு வந்தன. குஃபுவின் பெயர் பிரமிடுக்குள் எழுதியிருப்பது அங்கேதான். காலி என்று நான் சொன்ன அறைக்கு நேர் மேலே, கொத்தனார் கிறுக்கலாக.

ஊருக்குத் திரும்பின சில நாளில், மார்ச் 2-ஆம் தேதி செய்தி வந்தது. பழைய வாசலுக்கு மேலே, சாய்த்து வைத்த அந்தக் கற்களுக்குப் பின்னால், ஒன்பது மீட்டர் நீளத்தில் ஒரு நடை இருக்கிறதாம். வானத்திலிருந்து பொழியும் மியூவான் துகள்களை வைத்து முதலில் ஊகித்து, பிறகு கல் இடுக்கு வழியாக ஆறு மில்லிமீட்டர் கேமராவை விட்டுப் பார்த்திருக்கிறார்கள். அம்மாவை நிற்க வைத்து நான் எடுத்த படத்தில் அவள் தலைக்கு நேர் மேலே அந்த இடம். "உள்ள என்ன இருக்கு?" என்றாள். "ஒண்ணுமில்லம்மா, காலி." "இதுக்கும் தனி டிக்கெட் போடுவான் பாரு."

கிசாவில் நின்றுவிட்டுத் திரும்புகிறவர்கள் தாஷூருக்கு ஒரு அரைநாள் ஒதுக்குங்கள் என்பது என் பணிவான யோசனை. கூட்டமில்லை, ஒட்டகமும் குறைவு. குஃபுவின் அப்பா ஸ்னெஃப்ரு அங்கே இரண்டு கட்டினார், மெய்தூமில் ஒன்று. மூன்றையும் கூட்டினால் மகனுடையதைவிட அதிகக் கல். அதில் ஒன்று வளைந்த பிரமிடு. கீழே 54 பாகைக்கு மேல் செங்குத்தாக எழும்பி, பாதியில் சட்டென்று 43 பாகைக்குப் படுத்துவிடுகிறது. கீழே தரை அமுங்கி, உள்ளே விரிசல் விட்டு, அறை ஒன்றில் தேவதாரு உத்தரங்களை முட்டுக்கொடுத்திருக்கிறார்கள். மேலே பாரத்தைக் குறைக்கலாம் என்று சரிவை மாற்றியதாகத்தான் அறிஞர்கள் சொல்கிறார்கள். கிசாவில் நிற்கும்போது, தெரிந்தவர்கள் தெரிந்தே கட்டியது என்றுதான் தோன்றும். தாஷூரில், திருத்தக் குறிப்பெழுதின விடைத்தாளைப் பார்ப்பதுபோல் இருக்கும். அடுத்துள்ள சிவப்புப் பிரமிடை ஆரம்பத்திலிருந்தே 43 பாகையில் கட்டினார்கள். கையைச் சுட்டுக்கொண்டவர்கள் அடுத்த முறை தணலைக் குறைத்துக்கொள்வது மாதிரி. அதன் உள்ளே இறங்கினேன், 60 மீட்டருக்கு மேல் பின்னோக்கி, குனிந்து. அம்மோனியா நெடி. மறுநாள் தொடை இரண்டும் என் பேச்சைக் கேட்கவில்லை.

கெய்ரோ தஹ்ரீர் சதுக்க அருங்காட்சியகத்தில் குஃபுவைப் பார்த்தோம். அவருடைய உருவமாக முழுசாகக் கிடைத்திருப்பது ஒரே ஒரு தந்தச் சிலை. ஏழரை செ.மீ. 1903-இல் அபைடோஸில் தோண்டும்போது முதலில் தலையில்லாமல்தான் கிடைத்தது. நம் பெட்ரிதான் அப்போதும். மண்ணை எல்லாம் மூன்று வாரம் சல்லடை போட்டுச் சலிக்கச் சொல்லித் தலையைக் கண்டுபிடித்தார். பிற்காலத்தில் செய்த பிரதி என்று சொல்கிறவர்களும் இருக்கிறார்கள். அம்மா கண்ணாடிப் பெட்டியில் மூக்கை ஒட்டி, "இவனா? சுண்டுவிரல் அளவுல இருக்கான்" என்றாள்.

கடைசி நாள் சக்காரா. ஜோசர் அரசனின் படிப்பிரமிடு, இம்ஹோடெப் கட்டியது, கல்லில் எழுப்பிய முதல் பிரமிடு. வளாகத்துக்குள் சின்னச் சின்னக் கட்டடங்கள், அவற்றின் சுவர்களில் பழைய பார்வையாளர்கள் மையால் எழுதிவிட்டுப் போன வரிகள். இரண்டாம் ராம்சேஸின் 47-ஆம் ஆட்சியாண்டு, குளிர்காலத்தின் இரண்டாம் மாதம், 25-ஆம் நாள் என்று தேதி போட்டு ஒருவர் எழுதியிருக்கிறார், மெம்ஃபிஸுக்கு மேற்கே உலாவி மகிழ்ந்து வரலாமென்று தம்பியோடு வந்தேன், தேவர்களே நிறை ஆயுள் கொடுங்கள் என்று. ஏறத்தாழ கி.மு. 1232. பிரமிடுக்கு அப்போதே 1400 வயது. இன்னொரு ஆள், முன்னால் வந்தவர்களின் கிறுக்கலைப் பார்த்து மனம் நோகிறது, எழுதத் தெரியாதவன் எல்லாம் எழுதியிருக்கிறான் என்று அங்கேயே எழுதித் திட்டியிருக்கிறார். கீழே கருத்துச் சண்டை அப்போதே.

உலாவ வந்தவர் பெயர் ஹத்நக்த். பதவி, கருவூல எழுத்தர்.

அம்மா நின்றுவிட்டாள். "ட்ரெஷரியா?"

"ஆமாம்மா. ட்ரெஷரி கிளார்க். தம்பி பேர் பநக்த், அவன் மந்திரியோட எழுத்தர்."

"லீவு போட்டுட்டு வந்திருப்பானா?"

"தெரியலம்மா."

சுவரை இன்னொரு முறை பார்த்தாள். டப்பாவைத் திறந்து கடைசி முறுக்கைப் பாதி உடைத்து என்னிடம் நீட்டினாள். "தம்பி மந்திரி ஆபீஸ்ல இருக்கான்ல," என்றாள், "அப்ப போக்குவரத்துச் செலவெல்லாம் அவன்தான் பாத்திருப்பான்."